இனிஷியலை விரித்தால் யார் பெயர் வரும்?

பான் அட்டையை எடுத்து அந்தப் பத்து இலக்கத்தில் ஐந்தாவதைப் பாருங்கள். நான்காவது எழுத்து தனிநபர் என்றால் 'பி'. ஐந்தாவது, விண்ணப்பத்தில் 'கடைசிப் பெயர்' என்ற கட்டத்தில் எழுதிய பெயரின் முதலெழுத்து. வடக்கே ஒரு ஷர்மா வீட்டில் எல்லோருக்கும் 'எஸ்', குப்தா வீட்டில் எல்லோருக்கும் 'ஜி'. நம் வீடுகளில் அப்பா அட்டையில் தாத்தாவின் எழுத்து இருக்கும், பிள்ளை அட்டையில் அப்பாவின் எழுத்து. தன் பெயரையே அந்தக் கட்டத்தில் போட்டவருக்குத் தன் எழுத்து, கல்யாணத்துக்குப் பிறகு அட்டை எடுத்தவருக்குக் கணவர் எழுத்து. ஒரே வீட்டு அலமாரியில் நான்கு அட்டைக்கு நான்கு கணக்கு. யாரும் தப்பாக நிரப்பவில்லை. படிவம் கேட்கும் பொருள் தமிழ்ப் பெயருக்குள் கிடையாது, அதுதான் சங்கதி.

குடும்பப் பெயர் இல்லையே தவிர, தமிழ்ப் பெயருக்குக் கட்டுக்கோப்பு இல்லாமல் இல்லை. சங்கப் புலவர் பட்டியலைப் புரட்டினால் 'மதுரைக் கணக்காயனார் மகனார் நக்கீரனார்' என்று ஒரு பெயர் வரும். ஊர் மதுரை, தகப்பன் கணக்காயனார், ஆள் நக்கீரனார். இன்றைய வழக்கில் எழுதினால் ம.க.நக்கீரன். மகன் பெயரோடு தந்தை பெயரைச் சேர்ப்பதற்குத் தொல்காப்பியம் புணர்ச்சி விதியே தருகிறது. சாத்தன் மகன் கொற்றன் 'சாத்தங்கொற்றன்' ஆவான் என்று உரைகாரர்கள் காட்டுவார்கள். எதிர்த்திசையிலும் ஒன்று உண்டு: ஆதனுடைய தந்தை 'ஆந்தை' ஆகிவிடுவார். பிசிராந்தையார் என்றால் பிசிர் என்ற ஊர்க்காரர், ஆதனின் தந்தை. பறவைக்கும் அவருக்கும் சம்பந்தம் இல்லை.

ஊர், தகப்பன், பெயர் என்ற இந்த வரிசைதான் பிற்காலத்தில் எழுத்தும் புள்ளியுமாகச் சுருங்கியது. உ.வே.சா.வின் 'உ' உத்தமதானபுரம், 'வே' தகப்பனார் வேங்கடசுப்பையர். திரு.வி.க.வின் 'திரு' திருவாரூர், 'வி' விருத்தாசலம். ம.பொ.சி.க்கு மயிலாப்பூர், பொன்னுசாமி. எம்.எஸ்.சுப்புலட்சுமியின் 'எம்' மதுரை. 'எஸ்' அவருடைய தாயார் சண்முகவடிவு. தாய் பெயரை இனிஷியலாக வைப்பது நேற்று வந்த புதுமை என்று சொல்பவர்களிடம் இதை ஒருமுறை சொல்லிப் பார்க்கலாம்.

பழைய பத்திரத்திலோ கல்யாணப் பத்திரிகையிலோ தாத்தாவுக்கு இரண்டு எழுத்து இருந்தால் முதலாவது பெரும்பாலும் ஊர். அதைத் தேடும்போது இன்றைய ஆங்கில எழுத்துக்கூட்டலை நம்பக் கூடாது. சி.என்.அண்ணாதுரையின் 'சி' காஞ்சிபுரம்தான்; அன்றைக்கு அது ஆங்கிலத்தில் கான்ஜீவரம். அதேபோல 'டி' என்றால் டான்ஜோர், டிரிச்சினாபொலி, டின்னவெல்லி என்று மூன்றையும் பார்க்க வேண்டும். மூன்று தலைமுறையாக முதல் எழுத்து மாறாமலே வந்தால் ஒன்று அது ஊர், அல்லது தெலுங்கு பேசும் குடும்பமாக இருந்தால் 'இண்டி பேரு' என்னும் வீட்டுப்பெயர். தலைமுறைக்கு ஒருமுறை மாறும் எழுத்து தகப்பன் பெயர்.

மாறினாலும் அது ஒரு தாளத்தோடுதான் மாறும். 'பேரன்' என்ற சொல் 'பெயரன்' என்பதன் சுருக்கம், 'பேத்தி' பெயர்த்தி. தாத்தா பெயரைத் தாங்கியவன் பெயரன். இதை விளக்க எல்லோருக்கும் தெரிந்த ஒரு குடும்பம் இருக்கிறது. சந்திரசேகர ஐயர் என்பவருடைய மகன்களில் இருவர் சி.சுப்பிரமணியன், சி.வி.ராமன். அந்த சுப்பிரமணியனின் மகன் தாத்தா பெயரோடு எஸ்.சந்திரசேகர் ஆனார். சித்தப்பாவுக்கு 1930இலும் அண்ணன் மகனுக்கு 1983இலும் நோபல் பரிசு கிடைத்தது. இருவரும் ஒரே குடும்பம் என்பதற்கு அவர்கள் பெயரில் வெளிநாட்டாருக்கு அடையாளமே கிடையாது. 'ராமன் விளைவு', 'சந்திரசேகர் வரம்பு' இரண்டும் இட்ட பெயரால் வழங்குபவை. நியூட்டன் விதி மாதிரி குடும்பப் பெயரால் அல்ல. நமக்கோ சந்திரசேகர், சுப்பிரமணியன், சந்திரசேகர் என்று ஏறி இறங்கும் இனிஷியலே உறவைச் சொல்லிவிடுகிறது.

இந்தத் தாளம் சொத்து விவகாரத்தில் கழுத்தை அறுக்கும். கருப்பையா மகன் முத்தையா, முத்தையா மகன் கருப்பையா, மறுபடி கருப்பையா மகன் முத்தையா. வில்லங்கச் சான்றில் வெறும் 'முத்தையா' என்று பார்த்துவிட்டு 1950இல் கிரயம் வாங்கியவரையும் 2010இல் பாகம் பிரித்தவரையும் ஒரே ஆளாக எண்ணிவிடுவார்கள். தகப்பன் பெயரைச் சேர்த்துப் பார்த்தாலும் தீராது, முதலாமவரும் மூன்றாமவரும் 'கருப்பையா மகன் முத்தையா'தான். பாட்டன் பெயர், மனைவி பெயர், இறந்த தேதி மூன்றையும் பக்கத்தில் குறித்துக்கொண்டால்தான் ஆள் பிரியும். வாரிசுச் சான்றுக்கு மனுப் போடும் முன் இதை ஒரு தாளில் மரமாக வரைந்துகொள்வது நல்லது.

இன்னொரு சிக்கலும் இதே வழக்கத்திலிருந்து பிறந்ததுதான். மாமனார் பெயரை மருமகள் வாய்விட்டுச் சொல்லக் கூடாது என்றிருந்த வீடுகளில், அதே பெயரைத் தாங்கிய பிள்ளையை அவள் எப்படிக் கூப்பிடுவாள்? அதனால் கூப்பிட ஒரு பெயர் தனியாக வந்தது. வீட்டில் ராஜா, பள்ளிக்கூடத்தில் முத்துசாமி. ரேஷன் கார்டுக்குக் கணக்கெடுக்க வந்தவரிடம் பாட்டி சொன்னது ராஜா. பத்தாம் வகுப்புச் சான்றிதழில் முத்துசாமி. பத்திரங்களில் 'முத்துசாமி என்கிற ராஜா' என்று எழுதுகிறார்களே, அந்த 'என்கிற' வீண் சொல் அல்ல. இரண்டு பெயரிலும் ஏதாவது ஓர் ஆவணம் இருந்தால், அடுத்துப் பதிவாகும் கிரயத்திலோ உயிலிலோ 'என்கிற' போட்டு இரண்டையும் ஒரே வரியில் கட்டிவிட வேண்டும். அந்த ஒரு வரி பிற்பாடு பேரப்பிள்ளைகளைப் பல அலைச்சலிலிருந்து காப்பாற்றும்.

பெயருக்குப் பின்னால் ஒரு வாலும் இருந்தது. 1929 பிப்ரவரியில் செங்கல்பட்டில் கூடிய சுயமரியாதை மாநாடு சாதிப் பட்டத்தை விடச் சொல்லித் தீர்மானம் போட்டது. அடுத்த இரண்டு தலைமுறைகளில் தமிழ்நாட்டின் பொதுவாழ்வில் ஐயர், முதலியார், பிள்ளை, கவுண்டர் எல்லாம் கையெழுத்திலிருந்து பெரும்பாலும் உதிர்ந்தன. படிவத்தில் சர்நேம் கட்டம் காலியாக நிற்பதற்கு இதுவும் ஒரு காரணம். அதற்கு முன்பே கப்பலேறிப் போனவர்களுக்குக் கதை வேறு மாதிரி. 1860இல் முதல் கப்பல் நேட்டாலில் கரை சேர்ந்ததிலிருந்து கூலிகளாகப் போனவர்களின் பட்டமும் பெயரும் அங்கே எழுத்தர் காதில் விழுந்தபடி உறைந்தன. தென்னாப்பிரிக்காவின் கோவெண்டர் நம் கவுண்டர், மூட்லி நம் முதலியார். மொரீஷியசில் கொள்ளுத்தாத்தாவின் சொந்தப் பெயரான வீராசாமியும் வைத்திலிங்கமும் பிரெஞ்சு எழுத்துக்கூட்டலில் குடும்பப் பெயராக நிற்கின்றன. மலேசியாவில் இரண்டும் வேண்டாமென்று 'அ/லெ', 'அ/பெ' என்று நடுவில் போட்டுவிடுகிறார்கள், இன்னாரின் மகன், இன்னாரின் மகள் என்பதற்கு மலாய்ச் சுருக்கம். நக்கீரனாருக்கு நடுவில் இருந்த அந்த 'மகனார்' அங்கே ஆவணத்தில் இன்னும் உயிரோடு இருக்கிறது.

இனி பெயரின் பொருளுக்கு வருவோம். பெயர் அகராதியைத் திறப்பதற்கு முன் வரைபடத்தைத் திறந்தால் பாதிப் பெயர்கள் விளங்கிவிடும். இசக்கி, சுடலை, பேச்சி என்றால் திருநெல்வேலி, தூத்துக்குடி, கன்னியாகுமரிப் பக்கம். சோணையா என்றால் சிவகங்கை, ராமநாதபுரம். ஒச்சு உசிலம்பட்டி வட்டாரம். சென்னியப்பன் சென்னிமலை, அவிநாசியப்பன் அவிநாசி. பச்சையப்பன் வடமாவட்டங்களில் மிகுதி. சாகுல் ஹமீது என்ற பெயருக்குப் பின்னால் நாகூர் தர்கா நிற்கிறது. ஆரோக்கியசாமி வேளாங்கண்ணி ஆரோக்கிய மாதாவால் வந்தது. சவரிமுத்துவில் இருப்பவர் புனித சேவியர், சூசையில் இருப்பவர் ஜோசப், இராயப்பனில் பீட்டர். எனக்குப் பிடித்தது சின்னப்பன்: பவுல் என்பதன் லத்தீன் மூலமான பவுலுசுக்குச் 'சிறியவன்' என்று பொருள், அதை அப்படியே சின்னப்பர் ஆக்கிவிட்டார்கள். மொழிபெயர்ப்பு என்றே தெரியாத அளவுக்கு ஊர்ப்பெயராகிவிட்டது.

பிச்சை, குப்பு, தவிடு, மண்ணாங்கட்டி போன்ற பெயர்களைப் பார்த்து முகம் சுளிப்பவர்கள் உண்டு. அவை இழிவுக்காக இட்டவை அல்ல. முன்னே பிறந்த பிள்ளைகள் தங்காமல் போன வீட்டில், அடுத்துப் பிறந்ததைக் குப்பையில் ஒருமுறை புரட்டி எடுப்பார்கள்; அல்லது பக்கத்து வீட்டுக்குத் தவிட்டுக்கு விற்றுத் திரும்ப வாங்குவார்கள். எமனோ பேயோ 'இது மதிப்பில்லாதது' என்று விட்டுவிட்டுப் போகட்டும் என்ற எண்ணம். குப்புசாமி என்ற பெயர் வம்சத்தில் வந்தால் அதற்கு முன்னால் பதியப்படாத ஒரு சாவு இருந்திருக்கலாம் என்று குறித்துக்கொள்ளுங்கள். ஆனால் தாத்தா பெயரை இட்ட வகையிலும் குப்புசாமி வந்திருக்கும், எனவே அந்தப் பெயரை முதலில் தாங்கியவரைத்தான் தேட வேண்டும். 'போதும்பொண்ணு' என்ற பெயருக்கு விளக்கம் தேவையில்லை. அது வேறு வகைக் கசப்பு.

குழந்தைக்குப் பெயர் தேடுகிறவர்கள் ஏமாறும் இடம் ஒன்று உண்டு. பெயர்ப் பட்டியல்களில் 'ஷ்' என்று முடியும் எந்த ஒலிக்கும் 'சிவன்', 'ஒளி', 'இறைவனின் பரிசு' என்று மூன்றில் ஒன்று எழுதியிருக்கும். சோதிக்க வழி எளிது. தமிழ்ச்சொல் என்றால் 1924 முதல் 1936 வரை சென்னைப் பல்கலைக்கழகம் வெளியிட்ட ஆறு தொகுதித் தமிழ் லெக்சிகனில் தேடுங்கள், அது இணையத்திலேயே கிடைக்கிறது. வடசொல் என்றால் நல்ல சமஸ்கிருத அகராதி. இரண்டிலும் இல்லை என்றால் அது புதுவார்ப்பு. புதுவார்ப்பு தப்பில்லை. யாழினி புதுவார்ப்புதான், ஆனால் யாழ் என்ற வேர் தெரிகிறது. வேரே தெரியாத ஒலிக்கு 'பொருள்' எழுதிக் கொடுப்பதுதான் தப்பு. சில சொற்கள் காலத்தில் பால்கூட மாறியிருக்கும்: மாலை என்ற பொருளுள்ள 'கோதை' இன்று பெண் பெயர், ஆண்டாளின் பெயர், சங்க காலத்தில் மாக்கோதை என்று சேர மன்னன் இருந்தான். செழியனும் வழுதியும் பாண்டியர் பெயர், கிள்ளியும் வளவனும் சோழர், குட்டுவனும் பொறையனும் சேரர். 'சோழப் பெயர் வேண்டும்' என்று கேட்டுச் செழியன் வைத்தவர்கள் இருக்கிறார்கள். வடமொழிப் பெயரைத் தமிழாக்க நினைப்பவர்களுக்கு முன்மாதிரி சூரியநாராயண சாஸ்திரி: சூரியன் பரிதி, நாராயணன் மால், சாஸ்திரி கலைஞர், ஆக பரிதிமாற்கலைஞர். உறுப்பு உறுப்பாகப் பிரித்து மாற்றுவது. சுவாமி வேதாசலம் மறைமலையடிகள் ஆனதும் இப்படித்தான்.

பெயர் முடிவானதும் ஆங்கில எழுத்துக்கூட்டலைத் தாளில் எழுதி, தமிழ் தெரியாத ஒருவரை வாசிக்கச் சொல்லுங்கள். ழகரத்துக்கு 'இசட் எச்' போடுவது நமக்கு வழக்கம். மற்றவர்கள் எழிலை 'எஸில்' என்றும் யாழினியை 'யாஸினி' என்றும்தான் வாசிப்பார்கள். அது பரவாயில்லை என்றால் போடுங்கள், ஆனால் எல்லா இடத்திலும் ஒரே மாதிரி. எண்கணிதத்துக்காக ஓர் 'ஈ', ஓர் 'எச்' கூட்டுவதாக இருந்தால் பிறப்புச் சான்றுக்கு முன்னால் கூட்டிக்கொள்ளுங்கள். பின்னால் கூட்டினால் ஒவ்வோர் ஆவணத்திலும் தனித்தனியாக மாற்ற வேண்டும், ஆதாரில் பெயரைத் திருத்த வாழ்நாளில் இரண்டே வாய்ப்பு.

பிறப்பை 21 நாளுக்குள் பதிய வேண்டும். பெயர் அப்போதே தயாராக வேண்டியதில்லை. பெயர்க் கட்டத்தைக் காலியாக விட்டுப் பதிந்து, ஓராண்டுக்குள் கட்டணமின்றிச் சேர்க்கலாம். அதன்பின் 15 ஆண்டு வரை தாமதக் கட்டணத்தோடு சேர்க்கலாம். ஆனால் சேர்த்த பெயரை மாற்றுவது லேசில் நடக்காது. 2023 அக்டோபர் 1 முதல் பிறந்த குழந்தைகளுக்குக் கடவுச்சீட்டில் பிறந்த தேதிக்குச் சான்று பிறப்புச் சான்றிதழ் ஒன்றுதான், பள்ளிச் சான்றைக் காட்டித் தப்பிக்க முடியாது. அதனால் அந்தக் காலி இடத்தை நிரப்பும் நாள்தான் உண்மையான பெயர் சூட்டு விழா. இனிஷியல் மட்டும் போட வேண்டாம். அப்பா அல்லது அம்மா பெயரை முழுதாக விரித்து, பிள்ளை பெயருக்குப் பின்னால் எழுதுங்கள். விரிக்கும்போது நடக்கும் பிழை இது: அப்பா 'எஸ்.முருகேசன்' என்றே கையெழுத்திட்டுப் பழகியவர், அப்படியே எழுதிக் கொடுத்துவிடுவார். பிள்ளையின் பெயர் 'கவின் எஸ் முருகேசன்' ஆகி, தாத்தாவின் எழுத்தும் பெயரின் நடுவில் ஒட்டிக்கொள்ளும்.

இன்னொரு பிழை வரிசையில். தமிழில் இனிஷியல் முன்னால் வருவதால், விரித்த பெயரையும் 'முருகேசன் கவின்' என்று முன்னாலேயே எழுதுகிறோம். கணினிக்கு முதலில் வருவதுதான் அழைக்கும் பெயர். அலுவலக மின்னஞ்சல் முழுக்க 'டியர் முருகேசன்' என்று அப்பாவுக்குப் போகும். விஸ்வநாதன் ஆனந்தை உலகமே தகப்பனார் பெயரைச் சுருக்கி 'விஷி' என்று கூப்பிடுவது இந்த வரிசையால்தான்.

கடவுச்சீட்டில் இனிஷியல் எடுபடாது. சர்நேம் கட்டத்தைக் காலியாக விடலாம், சட்டப்படி தவறில்லை, ஆனால் பயணத்தில் இடிக்கும். அமெரிக்க விசாவில் உங்கள் ஒற்றைப் பெயர் குடும்பப் பெயராகிவிடும். முதற்பெயர் இடத்தில் 'எஃப்.என்.யூ.', அதாவது 'முதற்பெயர் தெரியவில்லை' என்று வரும். பிறகு ஓட்டுநர் உரிமம், வங்கி எல்லாவற்றிலும் அந்த மூன்றெழுத்துதான் உங்கள் பெயர். ஐக்கிய அரபு அமீரகம் 2022 நவம்பர் 21 முதல் ஒற்றைப் பெயருள்ள சுற்றுலா, வருகை விசாக்காரர்களை அனுமதிப்பதில்லை என்று அறிவித்தது. கடவுச்சீட்டின் பின்பக்கத்தில் தகப்பன் பெயர் இருந்தால் ஏற்பதாகப் பிறகு விளக்கம் வந்தது. விமானச் சீட்டு எடுக்கும்போது சில நிறுவனங்கள் ஒரே பெயரை இரண்டு கட்டத்திலும் போடச் சொல்லும், சில வேறு குறி கேட்கும். அந்தந்த நிறுவனத்தின் விதியைப் பார்த்த பிறகே பணம் கட்டுங்கள். திருமணமான பெண்கள் கணவர் பெயருக்கு மாற வேண்டும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. அப்பா பெயரோடு வாங்கிய பட்டங்களும் பான் அட்டையும் இருக்கும்போது மாறாமல் இருப்பதே லாபம் என்பது என் கட்சி.

மாற்றியே ஆக வேண்டும் என்றால் தமிழ்நாடு அரசிதழ், ஆறாம் பகுதி, நான்காம் பிரிவு. எழுதுபொருள் அச்சுத் துறையில் விண்ணப்பம். அறிவிப்பு ஒரே வாக்கியம்தான்: நான், இன்னாரின் மகன் அல்லது மகள், இன்ன தேதியில் பிறந்தவர், பிறந்த மாவட்டம், முகவரி, இனி இன்ன பெயரால் அழைக்கப்படுவேன். பழைய பெயரைச் சான்றிதழில் உள்ளபடியே, இனிஷியல் உட்பட, எழுத்து பிசகாமல் எழுத வேண்டும். பழக்கத்தில் எழுதும் வடிவத்தைப் போட்டால், அரசிதழில் பெயர் மாறியவர் வேறு யாரோ ஆகிவிடுவார். அச்சானதும் முதல் வேலை எழுத்துப்பிழை பார்ப்பது. அடுத்து ஆதார், பான், வங்கி, கடவுச்சீட்டு என்ற வரிசை. பழைய மதிப்பெண் சான்றிதழ்கள் மாறாது, அரசிதழ்ப் பிரதியை அவற்றோடு எப்போதும் சேர்த்தே வைத்திருக்க வேண்டும்.

நீளமான பெயர்க்காரர்களுக்கு ஒரு கணக்கு. கடவுச்சீட்டின் படப் பக்கத்தில், கீழே இயந்திரம் வாசிக்கும் இரண்டு வரிகள் உண்டு. மேல் வரியில் 44 இடம். முதல் ஐந்து ஆவண வகைக்கும் நாட்டுக்கும் போக, பெயருக்கு 39. குடும்பப் பெயருக்கும் இட்ட பெயருக்கும் நடுவே '<' என்ற நிரப்புக்குறி இரண்டு. மீனாட்சிசுந்தரேஸ்வரன் ஆங்கிலத்தில் 22 எழுத்து, தகப்பனார் பாலசுப்பிரமணியன் 15. கூட்டினால் 37, நிரப்புக்குறி இரண்டு, சரியாக 39. எண்கணிதக்காரர் சொன்னாரென்று ஓர் 'ஏ' கூட்டினால் கடைசி 'என்' வரியை விட்டு வெளியே விழும்.